மண்டோரின் முதல் நாள்

புஷ்பவள்ளியும் ரூபேந்திரனும் ஒரே வீட்டில்தான் இருந்தார்கள். ஆனால் ஒருவர் உள்ளே வரும்போது மற்றவர் வெளியே போயிருப்பார். ரூபேந்திரனுக்குச் சிங்கப்பூரில், துவாஸ் பக்கம் ஒரு கிடங்கில் வேலை. விடியற்காலை நாலு மணிக்கெல்லாம் மோட்டார் சைக்கிளை எடுத்தால்தான் எல்லைப் பாலத்தில் நெரிசல் கட்டுவதற்குள் அந்தப் பக்கம் போய்ச் சேர முடியும். திரும்பி மலேசியாவில் ஸ்கூடாய் வீட்டுக்கு வர இரவு எட்டாகிவிடும். புஷ்பவள்ளிக்குச் செனாயில் ஒரு தொழிற்சாலையில் நைட் ஷிப்டு. சாயங்காலம் ஆறு மணிக்குத் தாமான் குடியிருப்பின் முனையில் ஃபேக்டரி பஸ் வந்து நிற்கும். மறுநாள் காலை எட்டு மணிவாக்கில் அதே முனையில் கொண்டுவந்து இறக்கிவிடும். ஞாயிற்றுக்கிழமை ஒன்றுதான் இருவருக்கும் பொது. அதிலும் பாதியை ரூபேந்திரன் தூங்கியே தீர்த்துவிடுவான்.

பிள்ளைகள் இல்லை. சண்டையும் இல்லை. சண்டை போட நேரம் ஒத்துவரவில்லை என்றுதான் சொல்ல வேண்டும்.

அந்த வீட்டில் இருவரும் சேர்ந்து செய்கிற காரியம் என்று ஒன்றே ஒன்று மிச்சமிருந்தது. அது ஒரு பழைய கேம்பாய் விளையாட்டுப் பெட்டி. உள்ளங்கையை விடக் கொஞ்சம் பெரிசு, சாம்பல் நிறம், முதுகில் நாலு பேட்டரி. மூன்று வருஷத்துக்கு முன்னால் ஜோகூர் பாருவில் பழைய சாமான் சந்தைக்குப் போனபோது ரூபேந்திரன் வாங்கிவந்தான். கூடவே ஒரு கேசட்டும் கொடுத்தார்கள். ஒரு தோட்டக்காரன் நிலத்தைத் திருத்தி, முள்ளங்கி போட்டு, கோழி வளர்த்து, மாடு வாங்கிப் பிழைக்கிற விளையாட்டு. அதில் ஒரே சிக்கல், எழுத்தெல்லாம் ஜப்பான் எழுத்து. நாள் எண்ணும் காசு எண்ணும் தவிர ஒன்றும் படிக்க முடியாது.

படிக்க முடியாததை இடத்தை வைத்துப் பழகிக்கொண்டார்கள். திறந்தவுடன் இரண்டு வரி வரும். மேல் வரி புதுசாகத் தொடங்குவதற்கு, கீழ் வரி விட்ட இடத்திலிருந்து ஆடுவதற்கு. அந்தக் கேசட்டில் ஒரு ஆளுடைய பிழைப்புக்குத்தான் இடம் உண்டு. புதுசாகத் தொடங்கி ஒரு நாளை முடித்துப் படுக்கையில் படுத்துச் சேமித்துவிட்டால், பழையது அதோடு போயிற்று. வாங்கிய முதல் வாரத்திலேயே இப்படி ஒரு முள்ளங்கித் தோட்டம் போனது. அன்றிலிருந்து மேல் வரியைத் தொடக்கூடாது என்பது வீட்டுச் சட்டம்.

தொப்பி வைத்திருந்த அந்தத் தோட்டக்காரனுக்கு, எஸ்டேட் கங்காணியைக் கூப்பிடுகிற மாதிரி, மண்டோர் என்று பெயர் வைத்தார்கள். மாட்டுக்கு மேனேஜர். ஒரு வேலையும் செய்யாமல் நிற்கும். ஆனால் தினம் முதுகைத் தடவிக் கொடுக்காவிட்டால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்ளும். அதனால் அந்தப் பெயர்.

ஆளுக்கு ஒரு நாள் என்பது முறை. விளையாட்டில் ஒரு நாள் என்றால் நமக்கு அரைமணி நேரம். புஷ்பவள்ளி காலையில் வந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டே தன் நாளை ஆடி முடிப்பாள். பிறகு சமைத்து, மேசையில் வைத்து, துடுங் சாஜி மூடியைக் கவிழ்க்கும்போது கறிக்கிண்ணத்துக்குப் பக்கத்திலேயே கேம்பாயையும் வைத்து மூடுவாள். ரூபேந்திரன் இரவில் மூடியைத் தூக்கினால் சோறும் இருக்கும், மண்டோரும் இருப்பான். சாப்பிட்டுவிட்டுத் தன் நாளை ஆடி அதே இடத்தில் வைத்துவிட்டுப் படுப்பான். தொடக்கத்தில் இது நன்றாகத்தான் இருந்தது. அவன் நட்டதற்கு அவள் தண்ணீர் ஊற்றினாள். அவள் விட்ட வேலியை அவன் அடைத்தான்.

பிறகு அதுவும் பாத்திரம் கழுவுகிற மாதிரி ஆகிப்போனது.

இப்போது பிரச்சினை வேறு. ரூபேந்திரன் வேலை செய்கிற இடத்தில், துவாஸிலேயே தங்குவதற்கு ஆறு பேர் சேர்ந்த ஓர் அறையில் படுக்கை தருவதாகச் சொல்லியிருந்தார்கள். திங்கள் காலை போனால் சனி இரவுதான் வீடு. மாதக் கடைசிக்குள் பதில் சொல்ல வேண்டும். புஷ்பவள்ளி வேண்டாம் என்றாள். அவளுடைய அண்ணன் தங்கராஜு கூலாயில் ஹார்ட்வேர் கடை வைத்திருந்தார். வந்தால் கடையைப் பார்த்துக்கொள்ளட்டும் என்று அவரே சொல்லியிருந்தார். அறைக்குப் போகப்போகிறானா, கூலாய்க்குப் போகப்போகிறானா, இதைக் கேட்டு மூன்று ஞாயிறு ஆகிவிட்டது. மூன்று ஞாயிறும் ஒரே பதில்தான்.

"அடுத்த வாரம் உக்காந்து பேசலாம் வள்ளி. இன்னிக்குக் கண்ணைத் திறக்க முடியல."

அடுத்த வாரம் என்பது மாதக் கடைசியைத் தாண்டி இருந்தது. அது அவனுக்கும் தெரியும்.

அந்தப் புதன்கிழமை அவளுக்குக் காய்ச்சல். காய்ச்சலோடு வேலைக்குப் போய், கேண்டீனில் உட்கார்ந்து, உடம்பு சரியில்லை, காலையில் பஸ் முனைக்கு யாராவது வந்து கூட்டிப்போனால் தேவலை என்று அவனுக்கு அனுப்பினாள். பஸ் வருகிற நேரத்தில் அவன் துவாஸில் இருப்பான் என்று தெரிந்தேதான் அனுப்பினாள். பதில் உடனே வந்தது. "மாத்திரை போடு. மேனேஜர் ஏன் மூஞ்சியத் தூக்கி வெச்சிருக்கு? இன்னிக்கு நீ தடவிக் குடுக்கலையா?"

அவள் அதை இரண்டு தடவை படித்துவிட்டுப் போனைக் கவிழ்த்து வைத்தாள்.

வியாழக்கிழமை மத்தியானம் காய்ச்சல் இறங்கியிருந்தது. சமைத்தாள். கீரை, கருவாட்டுக் குழம்பு. பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து கேம்பாயைத் திறந்தாள். மூன்று வருஷமாகத் தொடாத மேல் வரியை அழுத்தினாள்.

அழிப்பது சுலபம் என்று நினைத்திருந்தாள். அப்படி இல்லை. முதலில் பெயர் கேட்டது. ஒரே எழுத்தை நாலு தடவை தட்டினாள். பிறகு யாரோ ஒரு கிழவர் வந்து படிக்கத் தெரியாத பேச்சைப் பக்கம் பக்கமாகப் பேசினார். அதை எல்லாம் தட்டித் தள்ளி முடித்தால், புல்லும் கல்லும் மண்டிய வெறும் நிலத்தில் மண்டோர் தனியாக நின்றான். இருட்டினால்தான் படுக்கலாம், படுத்தால்தான் சேமிக்கலாம். அதுவரை சும்மா நிற்க அவள் கை விடவில்லை. புல்லை வெட்டினாள். ஒரு கல்லைத் தூக்கிப் போட்டாள். அழிக்க உட்கார்ந்த இடத்திலும் வேலைதானா என்று அலுத்துக்கொண்டே இன்னொரு கல்லைத் தூக்கினாள்.

ஒருவழியாக இருட்டியது. மண்டோரைப் படுக்கைக்குக் கூட்டிப் போனாள். கட்டம் வந்தது. மேலே ஒரு சொல், கீழே ஒரு சொல். மேலே உள்ளது சரி, கீழே உள்ளது வேண்டாம்.

மேனேஜரை நினைத்துக்கொண்டாள். பதினோரு கோழிகளை நினைத்துக்கொண்டாள். போகட்டும், கூப்பிட்டுச் சத்தம் போடட்டும், சத்தம் போட்டாலாவது பேசின மாதிரி இருக்கும். மேலே அழுத்தினாள்.

மனது லேசாகும் என்று பார்த்தாள். முதுகுதான் வலித்தது. கேம்பாயைக் கறிக்கிண்ணத்துக்குப் பக்கத்தில் வைத்து, துடுங் சாஜியைக் கவிழ்த்துவிட்டு பஸ்ஸுக்குப் போனாள்.

*

பத்து மணி இடைவேளையில் கேண்டீனில் போனை எடுத்தாள். ஒன்றும் இல்லை. எட்டரைக்கே சாப்பிட உட்கார்ந்திருப்பான். பார்க்காமல் இருக்க முடியாது.

"என்னக்கா, போனை முறைச்சிக்கிட்டே இருக்கீங்க?" என்றாள் எதிரில் உட்கார்ந்திருந்த சபீதா. லைனில் பக்கத்து இருக்கைக்காரி. "அண்ணனோட சண்டையா?"

"சண்டை போடணும்னா ரெண்டு பேரும் ஒரே நேரத்துல முழிச்சிருக்கணும்லா."

"நல்லதுதானே. எங்க வீட்டுல நாள் முழுக்க முழிச்சிக்கிட்டே இருக்காரு. நீங்க வேணா வெச்சுக்குங்க."

புஷ்பவள்ளி சிரித்தாள். ஒரு மணி இடைவேளையிலும் பார்த்தாள். ஒன்றும் இல்லை. ஒருவேளை கோபத்தில் பேசாமல் படுத்துவிட்டானோ என்னவோ. அப்படியானால் காலையில் கிளம்பும்போதாவது ஏதாவது அனுப்புவான்.

அனுப்பியிருந்தான். மூன்றே முக்காலுக்கு. "கேம் தொடாதே. பேட்டரி வீக். ஞாயிறு மாத்துறேன்."

அவளுக்குப் புரியவில்லை. பேட்டரி போன வாரம்தான் மாற்றியது. மாற்றியதே அவள்தான்.

காலையில் வீட்டுக்குள் நுழைந்து கைப்பையைக்கூட இறக்காமல் மேசைக்குப் போனாள். சோற்றில் கால்வாசிதான் இறங்கியிருந்தது. கேம்பாய் வழக்கமான இடத்தில் இல்லை. தேடியபோது சாமி மேடைக்குக் கீழே இழுப்பறையில், ஊதுபத்திப் பெட்டிகளுக்கு அடியில் இருந்தது. திறந்து கீழ் வரியை அழுத்தினாள்.

நாள் எண் பதினைந்து.

நிலத்தில் பாதி திருத்தியாகிவிட்டது. வரிசை வரிசையாக முள்ளங்கி. கற்களை ஓரமாகக் கொண்டுபோய், பழைய தோட்டத்தில் இருந்ததே அதே மாதிரி அடுக்கியிருந்தான். கூண்டில் ஒரே ஒரு கோழிக்குஞ்சு. மாட்டுக் கொட்டகை காலி. மாடு வாங்குகிற அளவுக்கு இன்னும் சேரவில்லை போலிருக்கிறது.

முதலில் அவளுக்கு விளங்கியது இதுதான்: அவள் அழித்தாள் என்று அவன் நினைக்கவே இல்லை. தானே தூக்கக் கலக்கத்தில் மேல் வரியைத் தட்டிக் கெடுத்துவிட்டதாக நினைத்திருக்கிறான். அவளுக்குத் தெரிவதற்குள் பழைய மாதிரி ஆக்கி வைத்துவிடலாம் என்று உட்கார்ந்திருக்கிறான். ஞாயிறு வரை அவளைத் தொடவிடாமல் வைக்கத்தான் அந்தப் பேட்டரி.

சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டே நாற்காலியில் உட்கார்ந்தவள், இரண்டிலிருந்து பதினைந்துக்கு எத்தனை அரைமணி என்று மனதுக்குள் போட்டுப் பார்த்தாள். சிரிப்பு நின்றுவிட்டது.

எட்டரைக்கு உட்கார்ந்தவன் எழுந்திருக்கவே இல்லை. கண்ணை மூடாமல் ஆடிவிட்டு, அப்படியே முகத்தைக் கழுவி, மோட்டார் சைக்கிளை எடுத்துப் போயிருக்கிறான்.

கூப்பிட்டாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது. கிடங்கில் போனை லாக்கரில் பூட்டிவிட வேண்டும், மத்தியானம்தான் கையில் வரும். அது தெரியும். தெரிந்தும் திரும்பத் திரும்பக் கூப்பிட்டாள். லாக்கரில் அடிக்கிறதா, வேறெங்காவது ரோட்டோரத்தில் கிடந்து அடிக்கிறதா என்று மணிச் சத்தத்தை வைத்து எப்படிச் சொல்ல முடியும்? படுத்தாள், எழுந்தாள். கிடந்த துணியை மடித்தாள். பாலத்தில் விபத்து ஏதாவது என்று போனில் தேடினாள். மோட்டார் சைக்கிள் ஒன்று விழுந்ததாக ஒரு செய்தி வந்தது. உள்ளே போய்ப் பார்த்தால் அது போன வருஷத்துச் செய்தி.

பன்னிரண்டு தாண்டி அவனே கூப்பிட்டான்.

"என்ன வள்ளி, இருபது மிஸ்டு கால்? காய்ச்சல் கூடிருச்சா?"

"சாப்பிட்டீங்களா?" என்றாள்.

"இப்பதான் உக்காந்தேன். என்னா விஷயம்?"

"ராத்திரி தூங்கினீங்களா?"

"தூங்கினேனே. நல்லாத் தூங்கினேன்."

"கோழிக்குஞ்சு எப்ப வாங்குனீங்க?"

அந்தப் பக்கம் தட்டை நகர்த்தி வைக்கிற சத்தம் கேட்டது.

"அலமாக்," என்றான் மெதுவாக. "தொடாதேன்னு சொன்னேன்ல. வள்ளி, கோவிச்சுக்காத. நேத்துக் காலைல கிளம்பறதுக்கு முன்னால சும்மா அரைமணி ஆடினேன். கண்ணு சொக்கிக்கிட்டு இருந்துச்சு. மேல உள்ளதைத் தட்டிட்டேன் போல. நீ காய்ச்சல்ல அதைத் திறக்கவே இல்லன்னு நெனச்சேன். எப்படியும் ரெண்டு மாசத்துல மாட்டை வாங்கிரலாம்."

"நீங்க தட்டல. நான்தான் அழிச்சேன்."

"நீயா?"

"நான்தான். வேணும்னேதான். ஏன்னு அப்புறம் சொல்றேன். இப்ப நான் சொல்றதைக் கேளுங்க. சாயங்காலம் பைக்கை அங்கயே விட்டுட்டு பஸ்ல வாங்க."

"பஸ்ஸா? வீடு வர ஒம்பதாயிடும். நாளைக்குக் காலைல நான் எப்படி..."

"பஸ்ல வாங்க," என்றாள். "நான் வீட்டுலதான் இருப்பேன்."

லைன் லீடரைக் கூப்பிட்டு எமர்ஜென்சி லீவு சொன்னாள். என்ன எமர்ஜென்சி என்று கேட்டதற்கு, வீட்டுக்காரருக்கு உடம்பு சரியில்லை என்றாள். அது பொய்யாகவும் தோன்றவில்லை.

*

ரூபேந்திரன் புக்கிட் இண்டாவில் பஸ்ஸை விட்டு இறங்கி, கிராப் டாக்சி பிடித்து வந்து சேர்ந்தபோது ஒன்பது தாண்டிவிட்டது. வேலை நாளில் வீட்டில் விளக்கு எரிவதைப் பார்த்து வாசலில் கொஞ்சம் தயங்கி நின்றான். கண் இரண்டும் சிவந்திருந்தன. புஷ்பவள்ளி சோறு போட்டாள். அவளும் ஒரு தட்டை எடுத்துக்கொண்டு எதிரில் உட்கார்ந்தாள். இருவருக்கும் என்ன பேசுவது என்று தெரியவில்லை. கொஞ்ச நேரம் கீரை நன்றாக இருக்கிறது, உப்பு சரியாக இருக்கிறதா என்று போயிற்று.

"ஏன் அழிச்ச?" என்றான்.

"எனக்குக் காய்ச்சல்னு சொன்னேன். நீங்க மாட்டைக் கேட்டீங்க."

அவன் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான். "மாட்டை மட்டும் கேட்டேனா?"

"மாத்திரை போடுன்னீங்க. அப்புறம் மாடு."

"தப்புதான்."

"மூணு வாரமா ஒரு கேள்வி கேக்குறேன். அதுக்குப் பதில் இல்ல. கெட்டுப்போச்சுன்னு நெனச்ச கேமுக்கு மட்டும் விடிய விடிய உக்காந்து கல்லு பொறுக்கத் தெரியுது. தூங்காம பைக் எடுத்துட்டுப் போயிருக்கீங்களே, எனக்கு இங்க எப்படி இருந்திருக்கும்?"

"தூங்காம ஓட்டுறது என்ன புதுசா?" என்றான் அவன், சாதாரணமாக.

சொன்ன பிறகுதான் சொல்லிவிட்டோம் என்று அவனுக்கே உறைத்தது. சோற்றிலிருந்து கை நின்றது.

"என்ன சொன்னீங்க?"

"ஒன்னுமில்ல."

"சொல்லுங்க."

அவன் தண்ணீரைக் குடித்தான். "தீபாவளி முடிஞ்சு ஒரு நாள். பாலத்து மேல போறப்பவே கண்ணு மூடிக்கிச்சு. ஓரத்துக் கம்பியில உரசிக்கிட்டே கொஞ்ச தூரம் போயி, அப்புறம்தான் முழிச்சேன். பின்னால வந்த பையன் ஹார்ன் அடிச்சுக்கிட்டே வந்தான், அதுல முழிச்சேன். மழைக்கோட்டு கிழிஞ்சிருந்துச்சே, வாசல் கேட்டுல மாட்டிக்கிச்சுன்னு சொன்னேனே. கேட்டுல இல்ல."

"ஏன் சொல்லல?"

"சொன்னா நீ போவ விட மாட்ட. போவாம எப்படி? அதான் ரூம் குடுக்கறாங்கன்னதும் போலாம்னு நெனச்சேன். ரூம்னா கிடங்குக்கு நடந்தே போயிடலாம். ஆனா நீ வேணாம்னு சொன்ன. காரணத்தைச் சொல்லணும்னா இதைச் சொல்லணும். அதான் வாரா வாரம் அடுத்த வாரம்னு..."

"அப்ப கூலாய்க்குப் போயிருக்கலாம்ல? அண்ணன்தான் வாங்கன்னு கூப்பிடுறாரே."

"மச்சானுக்குக் கீழ நின்னு வேலை பாத்தா, ஆறு மாசத்துல கடையும் போயிடும், மச்சானும் போயிடுவாரு. நான் ஒரு ஆணி எண்ணினாக்கூட அவருக்குப் பிடிக்காது, பாரேன். போன பொங்கலுக்கே என்கிட்ட எப்படிப் பேசினாருன்னு நீயே பக்கத்துல இருந்து கேட்டல்ல?"

கேட்டிருந்தாள். அண்ணனைப் பற்றி அவன் சொன்னதில் பொய் ஒன்றும் இல்லை.

மூன்று வாரமாக அவள் மனதில் வாதங்களை அடுக்கி வைத்திருந்தாள். அறைக்குப் போனால் இது என்ன குடும்பம், ஞாயிறு மட்டும் வந்து போகிற ஆள் விருந்தாளி இல்லாமல் வேறென்ன, இப்படி ஒவ்வொன்றாக. எல்லாமே சரியான வாதங்கள்தான். இப்போது கிழிந்த அந்த மழைக்கோட்டை நினைத்தால் அவற்றில் ஒன்றையும் எடுக்க முடியவில்லை. அதை ஊசி நூலால் தைத்துக் கொடுத்ததே அவள்தான். இப்படியா கேட்டில் மாட்டிக்கொள்வது, சின்னப் பிள்ளையா நீங்க என்று திட்டிக்கொண்டே தைத்தாள்.

"பதில் எப்ப சொல்லணும்?" என்றாள்.

"நாளைக்கு."

"போறேன்னு சொல்லிடுங்க."

அவன் நிமிர்ந்து பார்த்தான். "நீதானே வேணாம்னே?"

"இப்பவும் வேணாம்னுதான் சொல்றேன். போயிடுங்க."

"வள்ளி..."

"திங்கக்கிழமையே போயிடுங்க. இன்னொரு தடவ அந்தப் பாலத்துல ராத்திரி வேளையில பைக்கை ஏத்தக்கூடாது. சனிக்கிழமை பஸ்ல வாங்க. ஞாயித்துக்கிழமை மத்தியானம் வரைக்கும் தூங்குங்க, நான் ஒன்னும் சொல்லல. அதுக்கப்புறம் முழிச்சிருக்கணும். முழிச்சிருந்து என்கிட்டப் பேசணும். என்னா பேசுறதுன்னு தெரியலன்னாலும் பேசணும்."

"சரி."

"கேமுக்குள்ள இல்ல. இப்படி உக்காந்து."

"சரிங்கறேன்ல."

ஒரு சண்டைக்கு இவ்வளவுதான் பேச்சு இருந்தது என்பது அவளுக்கே வியப்பாக இருந்தது. இதற்கு மூன்று வாரம் ஆகியிருக்கிறது. மூன்று வருஷம் என்றும் சொல்லலாம். பேசி முடித்தால் பாரம் இறங்கும் என்பார்கள். அவளுக்கு அப்படி எதுவும் இறங்கவில்லை. வாரத்தில் ஆறு நாள் இந்த வீட்டில் தான் ஒருத்தி மட்டும்தான் என்பது இன்னும் மூன்று நாளில் உண்மையாகப் போகிறது. இதுவரையும் ஏறத்தாழ அப்படித்தான் இருந்தது என்று சொல்லித் தேற்றிக்கொள்ளலாம்தான். ஆனால் இரவு எட்டுக்கு மேல் இந்த மேசையில் யாரோ வந்து மூடியைத் தூக்குவார்கள் என்று நினைத்துக்கொண்டு சமைப்பது வேறு.

"அங்க போர்வை குடுப்பாங்களா, நாம கொண்டு போவணுமா?" என்றாள்.

பதில் இல்லை. பார்த்தாள். ரூபேந்திரன் நாற்காலியில் உட்கார்ந்தபடியே தூங்கிப்போயிருந்தான். தலை ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது. வலது கை தட்டிலேயே இருந்தது. விரல்களில் குழம்பு காய்ந்துகொண்டிருந்தது.

அவள் எழுந்து தன் தட்டைக் கழுவி வைத்தாள். பிறகு ஈரத்துணியைக் கொண்டுவந்து, அவன் கையைத் தட்டிலிருந்து எடுத்து, ஒவ்வொரு விரலாகத் துடைத்தாள். பாதியில் அவனுக்கு விழிப்புத் தட்டியது.

"மணி எத்தனை? கிளம்பணுமா?" என்றான்.

"கிளம்ப வேணாம். நாளைக்கு டாக்டர்கிட்ட எம்.சி. லீவு எடுத்துக்குங்க. உள்ள போய்ப் படுங்க."

அவன் எழுந்து, சுவரைப் பிடித்துக்கொண்டே அறைக்குள் போனான். அவளுக்குத் தூக்கம் வரவில்லை. அந்த நேரத்தில் அவள் உடம்புக்குத் தூங்கிப் பழக்கமில்லை. மேசையைத் துடைத்துவிட்டு, விளக்கை அணைத்து, அறை வாசலில் போய் உட்கார்ந்துகொண்டாள். அவன் குறட்டை விடுவான் என்பதையே அவள் மறந்துவிட்டிருந்தாள்.